காது குத்திய வீடியோ

போன வருடம் விக்கிரமங்கலத்துக் கோயிலில், தாய்மாமனான என் தம்பியின் மடியில் உட்கார வைத்து மகளுக்குக் காது குத்தினோம். நேற்று அவள், “அம்மா, நான் அன்னைக்கு அழுதனா?” என்று கேட்டாள். எனக்கு நினைவில்லை. வீடியோவைத் தேடி எடுத்தேன். ஸ்டேட்டஸில் வைப்பதற்காகச் சத்தத்தை நீக்கிவிட்டுப் பாட்டு சேர்த்திருந்தேன். அவள் வாய் திறந்திருக்கிறது. அழுகிறாளா, என்னைக் கூப்பிடுகிறாளா, தெரியவில்லை.

தம்பிக்குப் போன் செய்து ஸ்பீக்கரில் போட்டேன்.

“அம்மா அம்மான்னு நீ அழுது இழுத்ததுல என் சட்டையே கிழிஞ்சுபோச்சு, குட்டி.”

“அம்மா எங்க போயிருந்துச்சு, மாமா?”

“எங்கயும் போவல. எதிர்லதான் போனப் புடிச்சுக்கிட்டு நின்னுச்சு.”

மகளின் தோடுகளைத் தொட்டுப் பார்த்தேன். எந்தக் காதை முதலில் குத்தினார்கள் என்பதுகூட நினைவில் இல்லை. அந்த ஸ்டேட்டஸை யார் யார் பார்த்தார்கள் என்பது மட்டும் நன்றாக நினைவிருக்கிறது.