கோர்ட் கலையும்வரை

எங்கள் அப்பா எத்திராஜை ஸ்ரீராம்புரத்தில் 'செக்புக்காரர்' என்றால்தான் தெரியும். ஒக்கலிபுரத்து லாட்ஜுகளின் படுக்கை விரிப்புகளை வெளுத்துக் கொடுக்கும் சின்ன லாண்டரி வைத்திருந்தார். லாட்ஜ்காரர்கள் செக்காகத்தான் கொடுப்பார்கள் என்பதால் பேங்கில் கணக்குத் திறந்தார். தொண்ணூறுகளில் எங்கள் சந்திலேயே செக்புக் வைத்திருந்தவர் அவர் ஒருவர்தான். அந்தப் பெருமையை என்னவென்று சொல்ல! கையெழுத்துப் போடுமுன் சட்டைக் கையை மடித்துக்கொள்வார். போட்டதும் மையை ஊதி, அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டுவார்.

காபித்தூள் இரவல் கேட்பதுபோல அக்கம்பக்கத்தார் செக் கேட்டு வருவார்கள். "அண்ணே, ஜாமீனுக்கு ஒரு லீஃப் குடுங்களேன்." தொகை எழுதாமல் கையெழுத்து மட்டும் போட்டுக் கொடுத்துவிடுவார். கடன் அடைந்ததும் அந்தத் தாள் வீட்டுக்குத் திரும்பி வரும். அம்மா கிழித்துப் போடுவாள். இப்போது நினைத்தால் பகீரென்கிறது. ஆனாலும் மனிதர் மேல் மனிதருக்கு அப்படியொரு நம்பிக்கையை அப்புறம் நான் எங்கேயும் பார்க்கவில்லை. அந்த நாட்களை நினைத்து ஏங்கத்தான் செய்கிறேன்.

அப்பாவின் கூட்டாளி சிவசங்கரன் மாமாவும் ஆட்டோ வாங்க ஒரு லீஃப் வாங்கிப் போனார். தவணை கட்டவில்லை. பைனான்ஸ்காரன் தொகையை எழுதி பேங்கில் போட்டான். கணக்கில் பணமில்லை என்று திரும்பியது. வக்கீல் நோட்டீஸ் அப்பா பேருக்கு வந்தது. அப்பா என்ன செய்தார் தெரியுமா? "இது உன் விஷயம்பா" என்று அதை மாமாவிடமே கொடுத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போனார்! மாமா "நான் பாத்துக்கறேன்" என்றார். அவர் பார்த்த லட்சணத்தில், நோட்டீஸில் கொடுத்திருந்த கெடு தாண்டி கோர்ட் சம்மனே வந்துவிட்டது.

"செக்குக்கு எதுக்கு சார் ஜெயிலு?" என்று வக்கீல் சீனிவாசராகவனிடம் அப்பா கேட்டார்.

"கிரிமினல் கேஸ் எத்திராஜ். ஒரு வருஷம்கூட உள்ள போடலாம். கையெழுத்து என்னுது இல்லைன்னு சொல்லிடுங்க, இழுத்துப் பாக்கலாம்."

அப்படியே சொல்லிவிடச் சொல்லி அம்மா அழுதாள். மாமா மேலிருந்த ஆத்திரத்தில் நானும் அதையேதான் சொன்னேன். அப்பா கேட்கவில்லை.

"நம்ம சந்து எல்லம்மா, அவங்க பொண்ணு நர்சிங் காலேஜ் பீசுக்கு என் செக்கைத்தான் குடுத்து வெச்சிருக்காங்க. இது என்னுது இல்லைன்னா அதுவும் இல்லைன்னு ஆயிடும். அந்தப் பொண்ணை நாளைக்கே வெளிய அனுப்பிடுவாங்கம்மா" என்றார்.

கோர்ட்டில் மாஜிஸ்ட்ரேட் செக்கைக் காட்டிக் கேட்டபோது, அப்பா எங்கள் ஊர்ப் பாஷையான கன்னடத்தில், "நந்தே சார்" என்றார். என்னுடையதுதான் என்று அவ்வளவு தெளிவாக. வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார்.

தீர்ப்புக்குள் மாமா ஆட்டோவை விற்று முழுத் தொகையையும் கட்டியிருந்தார். அதனால் தண்டனை சுருங்கியது. அன்று கோர்ட் கலையும்வரை அப்பா அங்கேயே உட்கார்ந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். அதுவும் சிறைத் தண்டனைதான் என்றார் வக்கீல்.

அப்பா பின்பெஞ்சில் உட்கார்ந்தார். மாமாவும் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். கோர்ட் சேவகர் அவரிடம், "நீவு ஹோகி, சிக்ஷெ நிமகல்லா" என்றார். தண்டனை உங்களுக்கில்லை, போங்கள் என்கிறார். "இர்லி சார்" என்றார் மாமா. இருக்கட்டும் என்று சொல்லிவிட்டு அசையாமல் இருந்தார். தண்ணீர் குடிக்கக்கூட எழவில்லை. அவரைத் திட்டக் காத்துக் கதவருகில் நின்றிருந்த நான், தண்ணீர் கொண்டுபோய் அவர் பக்கத்தில் வைத்தேன்.

சாயங்காலம் மாஜிஸ்ட்ரேட் எழுந்து போனார். எல்லோரும் எழுந்தார்கள். அப்பாவும் எழுந்து வேட்டியைச் சரிசெய்துகொண்டார். மாமா மட்டும் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தார்.

அப்பா குனிந்து அவர் தோளைத் தொட்டார்.

"எழுந்திரு சங்கரா. நம்மளை விட்டுட்டாங்க."