கரும்புக்குள் விடுபட்ட கோடு

கார்த்திகை மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை மதியம், தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு வந்தது. "மேடம், எங்கூரு மேப்பு நீங்கதானுங்களே வரஞ்சது? அடியில உங்க பேரும் நம்பரும் போட்டிருக்குதுங்க" என்றது ஒரு பெண்குரல். ஆமாம் என்றேன், கொஞ்சம் பெருமையாகவே. "அதுல எங்க வழிய உட்டுட்டீங்க மேடம். வியாழக்கெழம மூணு மணிக்கு நெலம் அளக்க வாராங்க. ஒருக்கா வந்துட்டுப் போங்க." அவ்வளவுதான், வைத்துவிட்டார். வியாழன் காலை சேலத்திலிருந்து கிளம்பினேன்.

இந்த வலைப்பூவுக்குப் புதிதாக வருகிறவர்களுக்காக ஒரு வார்த்தை. நான் ஊர்ப்படம் வரைகிறவள். ஊர் மக்களைப் பொது இடத்தில் கூட்டி, கலர் கோலப்பொடியைக் கொடுத்து, தெரு, கிணறு, வயல், கோயில் எல்லாவற்றையும் அவர்களையே தரையில் வரையச் சொல்வோம். பிறகு அதைத் தாளில் பெரிதாக எழுதி, கண்ணாடி போட்டுப் பஞ்சாயத்து ஆபீஸில் மாட்டிவிட்டு வருவோம். மோகனூர்ப் பக்கத்தில் இருக்கும் இந்த ஊரை ஒன்பது வருடத்துக்கு முன் வரைந்தேன். நான் வரைந்ததிலேயே நல்ல படம் அதுதான் என்று போகிற இடமெல்லாம் பீற்றிக்கொண்டும் இருந்தேன். ஊரின் பெயரை இங்கே எழுதவில்லை. படித்து முடிக்கும்போது ஏன் என்று புரியும்.

சேலம் புதிய பஸ் ஸ்டாண்டில் காலை 6.10க்கு நாமக்கல் வண்டி. ஐம்பத்தைந்து ரூபாய், ஒன்றேகால் மணி நேரம். ஜன்னல் ஓரம் கிடைத்ததும் லேப்டாப்பைத் திறந்து ஒன்பது வருடப் பழைய போட்டோக்களைப் பார்த்தேன். எந்த வழியை விட்டேன்? மூன்று முறை எல்லாவற்றையும் ஓட்டிப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. அந்த அம்மாள் வேறு எதையோ நினைத்துக்கொண்டு பேசுகிறாள் என்றே முடிவு செய்தேன். ராசிபுரம் தாண்டும்போது தூங்கியும் போனேன்.

நாமக்கல்லில் இரண்டு இட்லி, ஒரு ஆம்லெட். முட்டை ஊரில் ஆம்லெட் சாப்பிடாமல் வருவது பாவம். மோகனூருக்குப் பதினெட்டு கிலோமீட்டர், டவுன் பஸ். பெண்களுக்கு டிக்கெட் இல்லை. ஆண் வாசகர்கள் சில்லறை வைத்துக்கொள்ளுங்கள். வழியில் கூண்டு கட்டாத லாரிகள் வெறும் எலும்பாக வரிசையில் நின்றன. மோகனூரிலிருந்து ஷேர் ஆட்டோவில் இருபது ரூபாய், ஐந்து கிலோமீட்டர். இறங்கும்போது மணி 9.20.

போன் செய்த பெண் நிறுத்தத்தில் காத்திருந்தார். பெயர் செல்வி. நாற்பது வயது இருக்கும். கோழிப்பண்ணையில் முட்டை பொறுக்கும் வேலை, அன்றைக்கு லீவு போட்டிருந்தார். மேடம் என்று ஆரம்பித்தவர், ரோட்டைத் தாண்டுவதற்குள் அக்காவுக்கு வந்துவிட்டார். ஊருக்குள் போகாமல், வெளியே இருக்கும் காலனிக்குக் கூட்டிப் போனார். காலனிக்குப் பின்னால் கரும்பு. ஆள் உயரத்துக்கு மேல், அடர்த்தியாக, ஒரு நாய் நுழைய இடமில்லாமல் நின்றது. அதைத் தாண்டினால் காவிரி.

"இதுதானுங்க வழி" என்று கரும்பைக் காட்டினார்.

நான் கரும்பையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தேன்.

"சாவு உழுந்தா மட்டும் வழிங்க்கா. எங்காளு ஒருத்தரு போயி தோட்டத்துக்காரரு வாசல்ல நின்னு சொல்லோணும். அவரு வந்து மொதக் கரும்ப வெட்டி உடுவாரு. அப்பறம் எங்காளுங்க ஆறு வரைக்கும் வெட்டிக்கிட்டே போவாங்க. பாடை போற அகலந்தான். ரெண்டு மாசத்துல மறுபடி தளுத்து மூடிக்கும்."

சுடுகாடு ஆற்றங்கரையில் இருக்கிறது. கரும்புக்குள் போனால் நானூற்றைம்பது மீட்டர். இப்போது இந்தக் கரும்பு நிலத்தை விற்கப்போகிறார்கள். வாங்குகிறவர் சுற்றிலும் மதில் எழுப்பிக் கோழிப்பண்ணை போடப் போகிறார். வழி உண்டு என்று காலனிக்காரர்கள் சொன்னபோது, பஞ்சாயத்து ஆபீஸில் மாட்டியிருக்கும் படத்தைக் காட்டி, ஊரே சேர்ந்து போட்ட படத்தில் அப்படி ஒரு வழி இல்லையே என்று வாங்குகிறவர்கள் கேட்டிருக்கிறார்கள். அது நான் போட்ட படம்.

"நீ வந்திருக்கறன்னு எங்கப்பன்கிட்டச் சொல்றேன் வாங்க. அவருக்காகத்தான் உங்களக் கூப்புட்டது" என்றார் செல்வி, ஒருமையும் பன்மையும் கலந்து.

அவருடைய அப்பா கட்டிலில் கிடந்தார். ஐந்து மாதமாக எழுந்திருக்கவில்லை. வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டார், எனக்குத்தான் தெரியவில்லை.

"அன்னைக்கு நாங் கோடு போட்டேன் சாமி. நீ பச்சையத் தூவி மூடிப்புட்ட."

கோபமாகச் சொல்லியிருந்தால் சமாளித்திருப்பேன். மழை பெய்தது என்பதைப் போலச் சொன்னார். அன்றைக்கே ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். "பெரிய பெரிய ஆளுங்க நின்னாங்க. உங்கையில வேற மேல இருந்து எடுத்த போட்டா இருந்துச்சு. நாஞ் சொல்லி என்ன ஆவப்போவுதுன்னு உட்டுட்டேன்" என்றார்.

வெளியே வந்து கல்லின் மேல் உட்கார்ந்து லேப்டாப்பைத் திறந்தேன். ஒன்பது வருடத்துக்கு முன், காலை 11.20க்கு எடுத்த போட்டோ. கரும்புக்காகத் தூவிய பச்சைப் பொடி. அதன் குறுக்கே, காலனியிலிருந்து நீலப்பொடி ஆறு வரைக்கும், வெள்ளையாக ஒரு கோடு. கோட்டின் முனையில் ஒரு தடியின் நுனி, ஒரு பெரியவரின் பாதம். ஒரு மணிக்கு எடுத்த அடுத்த போட்டோவில் பச்சை சுத்தமாக இருந்தது. அதில் ஒரு கை தெரிந்தது, உள்ளங்கையெல்லாம் பச்சை. அந்தக் கையில் இருந்த வாட்ச் இப்போதும் என் கையில் இருக்கிறது.

நடந்தது நினைவுக்கு வந்தது. யாரோ காலால் கலைத்துவிட்டார்கள் என்று நினைத்தேன். சந்தேகத்துக்கு, சுற்றி நின்றவர்களிடம் இங்கே வழி இருக்கிறதா என்று கேட்கவும் செய்தேன். இல்லை, கரும்பங்காடுதான் என்றார்கள். அன்றைக்கு அது உண்மை. செயற்கைக்கோள் படத்திலும் ஒரே பச்சை. அதனால் துணிந்து மூடினேன். காலையில் பஸ்ஸில் அதே போட்டோவை மூன்று முறை பார்த்தேனே, அப்போதும் கோடு அதே இடத்தில்தான் இருந்தது. அங்கே வழி இல்லை என்று எனக்கு முன்பே தெரிந்திருந்ததால் என் கண்ணுக்கு அது படவில்லை. வெட்கமாக இருந்தது, அழுகையும் வந்தது. செல்வி தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

பதினொன்றரைக்குத் தோட்டத்துக்காரர் வீட்டுக்குப் போனோம். சென்னியப்பன் என்று பெயர், அறுபத்தைந்து வயது. செல்வி கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டார். நான் வற்புறுத்தியும் உள்ளே வரவில்லை.

"வாங்க அம்மிணி. வழி இருக்குதுங்க, நா இல்லைன்னு சொல்லலீங்க" என்றார் சென்னியப்பன், நான் கேட்பதற்கு முன்பே. "எங்கப்பன் காலத்துல இருந்து உடறதுதான். இப்ப பையன் விக்கறான். வாங்கறவங்க மேப்பக் காட்றாங்க. அதுக்கு முன்னால நா வாயில சொன்னா எடுபடுமுங்களா?"

போட்டோவைக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். "கோடு சரிங்க. மேக்கால மட்டும் ரெண்டு அடி தள்ளோணும், அங்க பைப்பு இருக்குது" என்றார். ஒரு மணிக்கு ஆபீஸுக்கு வந்து கையெழுத்துப் போடுவதாகவும் சொன்னார். எனக்கு மனம் லேசாகிவிட்டது. திரும்பி வரும்போது, நல்ல மனுசர் என்று செல்வியிடம் புகழ ஆரம்பித்தேன்.

செல்வி நின்றுவிட்டார். "அக்கா, அவரு வழி உடறாருன்னு எழுதிப்போடுவீங்க. நாங்க ஏன் கரும்புக்குள்ள போறோம்னு எழுதுவீங்களா?"

அவர் ஊர்ப் பக்கம் கையைக் காட்டினார்.

"தெரு இருக்குதுங்களே. ஆத்துக்கு நேராப் போவுது. அதுல சிமெண்ட் போட்டப்பக் கலவை சொமந்தது எங்கப்பன்தான். ஆனா செத்தா அதுல போவக்கூடாது. அந்தத் தெருவ நீங்க ரெண்டு கோடு போட்டுப் பெருசா வரஞ்சு வெச்சிருக்கீங்க. பாக்கறவங்க எல்லாரும் போற தெருன்னுதானே நெனப்பாங்க?"

படம் வரைந்து பிழைப்பவள் நான். ஒரு ஊரைப் பற்றிச் சொன்னால் என் மனதில் முதலில் வருவது மேலிருந்து பார்க்கும் தோற்றம்தான். சதுரம், வளைவு, பச்சை, நீலம். எல்லோரும் அப்படித்தான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். தெரு என்றால் கோடு, கோடு என்றால் அதில் யாரும் நடக்கலாம். இந்த ஊரில் படத்தில் இல்லாத வழியில் பிணம் போகிறது, படத்தில் இருக்கும் வழியில் போக முடியாது. என் படம் இரண்டு இடத்திலும் பொய் சொன்னது. முதல் பொய்யைத் திருத்த மட்டுமே நான் டிக்கெட் எடுத்து வந்திருந்தேன்.

பஞ்சாயத்து ஆபீஸில் கிளார்க் படத்தைக் கழற்றி மேசையில் வைத்தார். கண்ணாடியை எடுத்துவிட்டுக் கறுப்பு மையால் கரும்புக்குள் புள்ளிக்கோடு போட்டேன், மேற்கே இரண்டு அடி தள்ளி. பக்கத்தில் "இறுதி ஊர்வல வழி" என்று எழுதினேன். சென்னியப்பன் அதன் கீழே கையெழுத்துப் போட்டார். பிறகு குறிப்புக் கட்டத்தில் ஒரு வரி சேர்த்தேன்: "பொதுத் தெருவில் காலனி மக்களின் பாடையைக் கொண்டுபோக விடாததால் இந்த வழி ஏற்பட்டது."

"மேடம், இதெல்லாம் மேப்புல போடற வழக்கம் இல்லீங்க" என்றார் கிளார்க், குரலைத் தாழ்த்தி.

சென்னியப்பன் அந்த வரியை வாய்க்குள்ளேயே படித்தார். முகம் இறுகிவிட்டது. நான் எழுதியதில் பொய் இருக்கிறதா என்று கேட்டேன்.

"பொய்யில்லீங்க" என்றார் கடைசியில். அந்த வரிக்குக் கீழே கையெழுத்து மட்டும் போடவில்லை. வந்த டீயைக் குடிக்காமல் எழுந்து போனார். செல்வி பேனாவை வாங்கி, அந்த வரிக்குக் கீழே நிதானமாகத் தன் பெயரை எழுதினார்.

நிலம் அளக்கிறவர்கள் 3.15க்கு வந்தார்கள். படத்தை இரண்டு முறை போனில் படம் எடுத்துக்கொண்டார்கள். மேலிடத்தில் கேட்டுவிட்டுத்தான் அளப்போம் என்று சொல்லிவிட்டு அளக்காமலே கிளம்பினார்கள். எனக்கு மோகனூருக்கு 5.20க்குப் பஸ். ஊரில் நாலு பேர் என்னைப் பார்த்த பார்வையில், அது சீக்கிரம் வந்தால் தேவலாம் என்றிருந்தது. நான் போய்விடுவேன், செல்வி அங்கேயே இருக்க வேண்டும் என்பது பஸ் நகர்ந்த பிறகுதான் உறைத்தது.

ஊர்ப்படம் வரையப் போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். செலவு ஒரு நாளைக்குச் சாப்பாட்டோடு முந்நூறு ரூபாய்க்குள் அடங்கும். மோகனூரில் ஐந்தரைக்கு மேல் நாமக்கல் வண்டிக்கு நான் காத்திருந்த அனுபவம் நன்றாக இல்லை, முன்பே கிளம்புங்கள். செயற்கைக்கோள் படத்தைப் பைக்குள்ளேயே வையுங்கள், முதல் நாள் வெளியே எடுக்காதீர்கள். அது கையில் இருந்தால் ஏழை மனிதர்கள் வாயை மூடிக்கொள்கிறார்கள். பொடிப்படத்தை ஊர்க் கோயில் முன்னால் மட்டும் போடாமல் காலனியிலும் ஒன்று போடச் சொல்லுங்கள். எந்த வழி இருக்கிறது என்று கேட்ட பிறகு, எந்த நாளில் இருக்கிறது, யாருக்கு இருக்கிறது என்றும் கேளுங்கள். கலைந்தது போலத் தெரியும் எதையும் கேட்காமல் துடைக்காதீர்கள். எல்லாப் போட்டோவையும் பத்திரமாக வையுங்கள். உங்கள் பெயரையும் நம்பரையும் படத்தின் அடியில் கட்டாயம் எழுதுங்கள், திட்டுவதற்காவது ஒருவர் கூப்பிடட்டும்.

பதினெட்டு நாள் கழித்துச் செல்வி கூப்பிட்டார். அப்பா இரண்டு நாள் முன்பு இரவில் இறந்துவிட்டார். என்ன சொல்வதென்று தெரியாமல், எந்த வழியாகக் கொண்டுபோனீர்கள் என்று கேட்டுவிட்டேன்.

"தோட்டத்துக்காரரு வெடிகாலமே வந்து கரும்ப வெட்டி உட்டுட்டாருங்க. ஆறு வரைக்கும் அவரே ஆள் வெச்சு வெட்டிட்டாரு. பத்து மணிக்குத் தாசில்தாரு, போலீசெல்லாம் வந்துட்டாங்க. மேப்புல எழுதுனத மேல படிச்சுட்டாங்களாம். தெருவுல போவோணும்னா போங்க, நாங்க கூட வாரோம்னாங்க. ரெண்டு வழியும் தெறந்திருந்துச்சுங்க்கா. எந்தம்பி பாடையத் தூக்கிக்கிட்டு, எப்படிப் போவோணும்னு எங்கிட்டக் கேட்டான். எங்க சனத்துல செத்தவங்களுக்கு யாரும் அப்படிக் கேட்டதே இல்லீங்க."

"நீ என்ன சொன்னே செல்வி?"

"தெருவுன்னு சொன்னேன். எல்லா ஊட்டுலயும் கதவச் சாத்திக்கிட்டாங்க. சாத்தட்டும். பொம்பளைங்க நாங்க காலனி முச்சந்தியோட நின்னுக்குவோம், எப்பவும் அப்படித்தான். நேத்து நா நிக்கலீங்க. எங்கப்பன் போட்ட சிமெண்டு எதுவரைக்கும் இருக்குதோ, அதுவரைக்கும் பின்னாலயே நடந்து போனேன்."