நனைந்த லைசன்ஸ்

என் பீரோவில், சேலைகளுக்கு அடியில், ஒரு பழைய டிரைவிங் லைசன்ஸ் இருக்கிறது. இப்போது தருகிற அட்டை அல்ல, அந்தக் காலத்துச் சிறு புத்தகம். ஓரங்கள் வியர்வையில் கறுத்து, சட்டைப் பையிலேயே கிடந்து லேசாக வளைந்துவிட்டது. உள்ளே என் அப்பாவின் பெயர் நீல மையில் ஓர் எழுத்துகூடக் கலையாமல் இருக்கிறது. பக்கத்தில் ஒட்டியிருக்கும் போட்டோவில்தான் முகம் இல்லை. சட்டைக் காலர் தெரிகிறது, ஒரு காது தெரிகிறது, நெற்றிக்கு மேலே கொஞ்சம் முடி தெரிகிறது. நடுவில் மஞ்சள் பாரித்த வெள்ளை. மழையில் நனைந்துவிட்டது என்றுதான் எங்கள் வீட்டில் சொல்வார்கள். வாசுதேவநல்லூரிலிருந்து வரும் வழியில் பிடித்த ஐப்பசி மழை என்று இடம், மாதம் எல்லாம் சேர்த்துச் சொல்வார் சித்தப்பா.

அப்பா வேன் டிரைவராக இருந்தார். பனவடலிசத்திரம் பக்கத்துப் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு வந்து சங்கரன்கோவில் பள்ளிக்கூடத்தில் இறக்கும் வேன். எனக்கு ஆறு வயதாக இருக்கும்போது மஞ்சள் காமாலையில் இறந்துபோனார். பதினாறாம் நாள் முடிந்ததும் வேன் முதலாளி ஆள் அனுப்பினார். திங்கட்கிழமை லைசன்ஸோடு ஒருவர் வந்து வண்டியை எடுக்காவிட்டால் வேறு டிரைவரைப் போட்டுவிடுவேன் என்றார். சித்தப்பா அப்பாவின் பக்கத்தில் உட்கார்ந்தே வண்டி பழகியவர். நன்றாக ஓட்டுவார், லைசன்ஸ் மட்டும் கிடையாது. ஆணியில் தொங்கிய அப்பாவின் சட்டையிலிருந்து அந்தப் புத்தகத்தை எடுத்துத் தன் பையில் வைத்துக்கொண்டு, “ஒரு மாசந்தான் மதினி, அதுக்குள்ள எனக்குன்னு ஒண்ணு எடுத்துருதேன்” என்று அம்மாவிடம் சொன்னார். அண்ணன் தம்பி இருவரும் ஒரே நிறம், ஒரே உயரம். முதலாளி புத்தகத்தைத் திறந்துகூடப் பார்க்கவில்லையாம்.

அந்த ஒரு மாதம் முப்பது வருடத்துக்கு மேல் நீண்டது. முதலில், புதிதாக எழுதிப் போட்டால் இத்தனை நாள் எப்படி ஓட்டினாய் என்று கேட்பார்களோ என்ற பயத்தில் தள்ளிப்போட்டார். பிறகு, வாடகை வண்டி ஓட்டுகிறவர்கள் எட்டாம் வகுப்பு படித்திருக்க வேண்டும் என்று சட்டம் வந்தது. சித்தப்பா ஐந்தாம் வகுப்போடு நின்றவர். புத்தகத்தைப் புதுப்பிக்கும் வேலையை யாரோ ஒரு டிரைவிங் ஸ்கூல்காரர் முடித்துத் தருவார். சித்தப்பா அந்தப் பக்கமே தலைகாட்டமாட்டார். அவருடைய சொந்தப் பெயர் போட்ட ரேஷன் கார்டும் பிறகு வந்த ஆதாரும் அம்மாவின் டிரங்குப் பெட்டியில் இருந்தன. அவற்றையும் லைசன்ஸையும் ஒருநாளும் அவர் ஒன்றாக எடுத்துக்கொண்டு வெளியே போனதில்லை.

வேனில் எனக்கு எப்போதும் முன் இருக்கை. மற்றப் பிள்ளைகள் பொறாமைப்படுவார்கள். நான் எதற்காக அங்கே உட்கார வைக்கப்பட்டிருந்தேன் என்பது அவர்களுக்குத் தெரியாது. வேலைக்குப் போன முதல் வாரத்திலேயே சித்தப்பா சொல்லிவிட்டார்: “மக்கா, காக்கிச் சட்டை யாரு வந்து கேட்டாலும் என்னைய அப்பான்னு சொல்லு. வேற ஒண்ணும் பேசாத.” வீட்டில் சித்தப்பா, வேனில் அப்பா. இதை மறக்காமல் இருக்க நான் பட்ட பாடு கொஞ்சமல்ல. வாய் தவறிவிடுமோ என்று வேனில் அவரை எதுவும் சொல்லிக் கூப்பிடாமலே பழகினேன். தாகம் எடுத்தால்கூட அவர் கையைத்தான் தட்டுவேன். ரோட்டில் தூரத்தில் தொப்பி தெரிந்துவிட்டால் போதும். பின் இருக்கைகளில் பிள்ளைகள் பாட்டுப் பாடிக்கொண்டிருப்பார்கள்; நான் என் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டு அப்பா, அப்பா என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே வருவேன்.

ஆடித்தபசுத் திருவிழா சமயத்தில் ஊருக்குள் வருகிற எல்லா ரோட்டிலும் சோதனை நடக்கும். நான் மூன்றாம் வகுப்பு படித்த வருடம், தபசுக்கு இரண்டு நாள் முன்னால் எங்கள் வேனை ஓரங்கட்டினார்கள். அந்த அதிகாரி அவசரப்படுகிற ஆள் இல்லை. புத்தகத்தை விரித்து வெளிச்சத்தில் பிடித்தார். போட்டோவைப் பார்த்தார், சித்தப்பாவைப் பார்த்தார், மறுபடியும் போட்டோவைப் பார்த்தார். அன்று அதில் அப்பாவின் முகம் தெளிவாக இருந்தது. பிறகு என் பக்கத்துக் கண்ணாடிக்கு வந்து குனிந்து, இவர் யாரம்மா என்று கேட்டார். அப்பா என்றேன். அப்பா பெயர் என்ன என்றார். என் அப்பாவின் பெயரைச் சொன்னேன். அவர் என் முகத்தையும் போட்டோவையும் ஒருமுறை ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுப் புத்தகத்தை மூடிக் கொடுத்தார். நான் அப்பாவின் ஜாடை.

சித்தப்பா வண்டியை எடுத்தார். பள்ளிக்கூட வாசலில் கொண்டுபோய் நிறுத்தினார். நான் இறங்கும்போதுதான் பார்த்தேன், பாவாடை நனைந்திருந்தது. அழுதேன். அவர் என்னை மறுபடி வண்டியில் ஏற்றி, வீட்டுக்குக் கூட்டிவந்து, வாசலிலேயே நின்றுகொண்டு சொன்னார்: “நீ பொய் சொல்லல மக்கா. சொன்னது நான்.” அம்மா அடுப்படியிலிருந்து வரவே இல்லை.

அதற்குப் பிறகு ஏனோ என்னிடம் யாரும் கேட்கவில்லை. ஐப்பசியில் புத்தகம் மழையில் நனைந்துவிட்டது. சோதனைக்கு நிறுத்துகிறவர்கள் அதைப் பார்த்து, இப்படியா வைத்திருப்பாய், மாற்றித் தொலை என்று சித்தப்பாவைத் திட்டுவார்கள். அவர் கைகட்டி நின்று திட்டு வாங்கிக்கொண்டு வருவார். நல்லவேளை மழை பெய்தது என்று நான் சாமிக்கு நன்றி சொன்னதுகூட உண்டு. அதே சமயம் ஒரு வருத்தமும் இருந்தது. வீட்டில் அப்பாவின் முகம் தெரிகிற வேறு படம் கிடையாது. கல்யாணப் படத்தில் தலை குனிந்து நிற்கிறார், மாலைதான் தெரிகிறது.

பெரியவளாகி வேலைக்குப் போன பிறகு பயம் வேறு மாதிரி ஆனது. எனக்குத் தாலுகா ஆபீஸில் வேலை. சட்டம் என்ன செய்யும் என்று தெரிந்துவிட்டது. ஒருநாள் ஒரு சைக்கிள்காரன் குறுக்கே வந்து விழுந்தால் போதும், எல்லாம் வெளியே வந்துவிடும். அத்தனை பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு இந்த மனுஷன் இப்படிச் செய்யலாமா என்று கோபம் வரும். அவர் சம்பாத்தியத்தில் தின்று படித்த நான் கோபப்படலாமா என்று அடுத்த நிமிடம் வெட்கமாக இருக்கும். அவர் ஒரு கோழிக்குஞ்சின்மேல்கூட வண்டியை ஏற்றியதில்லை என்பது உண்மை. பயத்தில் ஓட்டுகிறவரைப் போல் நிதானமாக யாரும் ஓட்ட முடியாது.

கடைசியில் பள்ளிக்கூடத்திலிருந்தே வந்தது வினை. பழைய புத்தக லைசன்ஸ் செல்லாது, மத்திய அரசின் கம்ப்யூட்டரில் ஏற்றி, ஆதாரோடு பொருத்தி, புது அட்டையின் நகல் கொடுத்தால்தான் வரும் கல்வியாண்டில் வண்டி எடுக்கலாம் என்று டிரைவர்களிடம் சொல்லிவிட்டார்கள். சித்தப்பா புத்தகத்தோடு என் வீட்டுக்கு வந்தார். “அண்ணன் பேரையே ஏத்திர முடியாதா மக்கா? நீ ஆபீஸ்லதான இருக்க” என்றார். அம்மாவின் விதவைப் பென்ஷனுக்காக அப்பாவின் இறப்புச் சான்றிதழை நானேதான் எடுத்துக் கொடுத்திருந்தேன். ஒரே அரசாங்கத்தில் ஒரு மனுஷன் செத்தும் இருக்கிறார், வேனும் ஓட்டுகிறார். முடியாது சித்தப்பா, உங்கள் பெயரிலேயே புதிதாக எடுப்போம், எட்டாம் வகுப்புச் சட்டத்தை இப்போது எடுத்துவிட்டார்கள் என்றேன். அவர் புத்தகத்தைச் சட்டைப் பையில் திருப்பி வைத்துக்கொண்டு தலையாட்டினார்.

அப்படித்தான் ஐம்பத்தாறாவது வயதில் அவர் எல்.எல்.ஆர். எடுத்தார். உடம்பு சரியில்லை என்று சொல்லி வேனை வேறு ஆளிடம் விட்டார். ஊரில் பாதிப் பேரைப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோய் விட்டவர் எல் போர்டு காரில் உட்கார்ந்தால் என்ன ஆகும்? அதனால் ஊருக்குள் பழகாமல் புளியங்குடி ரோட்டில் போய்ப் பழகினார். அங்கேயும் ஒருநாள் ஒரு எலுமிச்சை வண்டிக்காரர் பார்த்துவிட்டு, “என்ன அண்ணாச்சி, கார் ஓட்டச் சொல்லிக் குடுக்கேளா?” என்று கேட்டாராம். ஆமா என்று சொல்லியிருக்கிறார். அன்று இரண்டு வேளை அவர் சாப்பிடவில்லை என்று அம்மா சொன்னாள்.

டெஸ்ட் அன்று நானும் லீவு போட்டுக்கொண்டு கூடப் போனேன். அம்மா கோவில் புற்றுமண்ணைக் குழைத்து அவர் நெற்றியில் பூசி அனுப்பினாள். மைதானத்தில் நின்றவர்கள் எல்லாரும் காலேஜ் பிள்ளைகள். சித்தப்பா மட்டும் சட்டையை முழுக்கை விட்டுப் பொத்தான் போட்டுக்கொண்டு, யார் முகத்தையும் பார்க்காமல் நின்றார். ஆய்வாளர் வெளியூர்க்காரர், சின்ன வயது. கையில் இருந்த திரையைப் பார்த்துக்கொண்டே, பெயர் சொல்லுங்க என்றார். சித்தப்பா வாய் திறக்கவில்லை. வீட்டில் எத்தனை தடவை சொல்லிப் பார்த்தோம்! காக்கிச் சட்டைக்கு முன்னால் அந்த வாய்க்குப் பழகியது ஒரே ஒரு பெயர்தான். அது வந்துவிடக் கூடாதே என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார். பெரியவருக்குக் காது கேட்காதோ என்று ஆய்வாளர் என்னைப் பார்த்தார். நீங்க யாரும்மா?

மகள் சார் என்றேன்.

அப்பா பேரு என்ன?

நான் சொல்லிவிட்டேன். என் அப்பாவின் பெயரை. மூன்றாம் வகுப்பில் சொன்ன அதே வேகத்தில், யோசிக்காமல், சொல்லிவிட்டேன். அவர் திரையைப் பார்த்தார். நெற்றியைச் சுருக்கினார். வேலை போயிற்று, சித்தப்பா உள்ளே போகப் போகிறார், இத்தனை வருடம் காப்பாற்றியதை நானே என் வாயால் கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். அப்போது பக்கத்திலிருந்து சித்தப்பாவின் குரல் கேட்டது.

“அது எங்க அண்ணன் பேரு சார். இவ அண்ணன் மக. நான் சித்தப்பா.” பிறகு தன் பெயரைச் சொன்னார்.

ஆய்வாளர் திரையில் சரிபார்த்தார். சரி, வண்டியில ஏறுங்க என்றார். அவ்வளவுதான். முப்பது வருடப் பயத்துக்கு அரசாங்கம் செய்தது அவ்வளவுதான்.

அன்று சித்தப்பா ஃபெயில். இரண்டு தடவை வண்டி ஆஃப் ஆகிவிட்டது, பின்னால் எடுக்கும்போது ஊன்றியிருந்த கம்பை இடித்தார். அடுத்த முறை தனியாகப் போய் ஓட்டிக் காட்டிப் பாஸானார். அட்டை தபாலில் வந்த அன்று அதைப் பள்ளிக்கூடத்தில் காட்டிவிட்டு நேராக என் வீட்டுக்கு வந்தார். பையிலிருந்து பழைய புத்தகத்தை எடுத்து என்னிடம் நீட்டினார். “அண்ணன் ஓட்டுனது போதும்” என்றார். அப்பாவின் போட்டோ மட்டும் நன்றாக இருந்திருந்தால் பெரிதாக்கி மாட்டியிருக்கலாம், பாழாய்ப்போன மழை என்றேன். அவர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

“மழை இல்ல மக்கா. நாந்தான் ஈரத்துணி வச்சுத் தேச்சேன். அந்தத் தபசுச் செக்கிங்ல நீ பாவாடைய நனைச்சுக்கிட்டு நின்னேல்லா, அன்னைக்கே முடிவு பண்ணிட்டேன். போட்டோல மொகம் இருந்தாத்தான சந்தேகம் வரும், உங்கிட்டக் கேப்பான். மழைன்னு சொல்லணுமேன்னு ஐப்பசி வரைக்கும் காத்திருந்தேன்.” என் கையிலிருந்த புத்தகத்தைப் பார்த்து, “உனக்கு அப்பா மொகம் இல்லாமப் பண்ணிட்டேன்” என்றார்.

நான் புத்தகத்தைத் திறந்தேன். நீல மை ஓர் எழுத்துகூடக் கலையவில்லை. மழையில் முதலில் கரைந்து ஓடுவது மை அல்லவா! இத்தனை வருடம் இதைப் பார்த்துக்கொண்டிருந்த எனக்கு, தினமும் காகிதத்தோடு வேலை பார்க்கிற எனக்கு, அது தோன்றவே இல்லை. கோபமும் அழுகையும் ஒன்றாக வந்தன. எழுந்து போய் அவருக்குக் காப்பி போட்டேன்.

அந்தப் புத்தகத்தை ஒப்படைக்கவும் பயம், வைத்திருக்கவும் பயம், கிழித்துப் போட மனம் இல்லை. சேலைக்கு அடியில் இருக்கிறது. எப்போதாவது எடுத்து, அந்த வெள்ளை இடத்தில் அப்பாவின் முகத்தைக் கொண்டுவரப் பார்க்கிறேன். வருவது ரோட்டைப் பார்த்தபடி ஸ்டியரிங்கைப் பிடித்திருக்கும் சித்தப்பாவின் முகம். எனக்கும் ஸ்கூட்டி இருக்கிறது. என் பெயரில், என் போட்டோ போட்ட லைசன்ஸ் இருக்கிறது. ஆனாலும் ரோட்டில் யாராவது கைகாட்டி நிறுத்தினால், பர்ஸைத் திறப்பதற்கு முன்னால் என் வாயில் வந்து நிற்கிற சொல் அப்பா என்பதுதான்.