சவுண்டு வருது

பரணிலிருந்து இறக்கிய பழைய கம்ப்யூட்டரை மகன் இன்று போட்டதும், சூடேறிய தூசியின் வாசனை என்னை ஆம்பூரில், இப்போது பிரியாணிக் கடையாகிவிட்ட அந்தக் கம்ப்யூட்டர் சென்டருக்குள் கொண்டுபோய் நிறுத்தியது. ஷூ கம்பெனிக்காரர்கள்கூட வாசலிலேயே செருப்பைக் கழற்றிவிட்டு வரும் அந்த ஒற்றை அறையில், ஜன்னல் வழியே வரும் தோல் நெடிக்கும் மின்விசிறியின் கடகடப்புக்கும் நடுவே, பள்ளி விட்டதும் நான் டைப் பழகிக்கொண்டிருக்க, சென்டரை நடத்திய இரண்டு நண்பர்களும் கம்ப்யூட்டரை இயக்க விண்டோஸ் நல்லதா லினக்ஸ் நல்லதா என்று தினமும் சண்டை போடுவார்கள்.

"லினக்ஸ்ல வைரஸ் வராது, ஹேங் ஆவாது, இன்னா கொற?" என்பார் சாமுவேல் அண்ணன்.

"உன் லினக்ஸ்ல சவுண்டே வராதே," என்று அன்வர் பாய் தன் விண்டோஸ் கம்ப்யூட்டரில் ஒரு கீயைத் தட்டுவார். இறந்துபோன அவர் மனைவி எப்போதோ மைக்கில் பேசி அதில் பதிவான ஒரே வரி ஒலிக்கும்: "நேரமாச்சு, வூட்டுக்கு வாங்க." அதோடு அன்றைய வாதம் முடியும்.

ஒரு வெள்ளிக்கிழமை பாய் தொழுகைக்குப் போயிருந்தபோது, சவுண்டு வரும் என்று காட்டுவதற்காக அண்ணன் அதே கம்ப்யூட்டரில் லினக்ஸ் ஏற்றினார். எல்லாம் அழியும், சரியா என்று திரை ஆங்கிலத்தில் கேட்டது. "அது அப்படித்தான் கேக்கும், எண்டர் தட்டு பாப்பா," என்றார். அந்தக் குரலும் அதற்குள்தான் இருக்கிறது என்பது ஜெயிக்கிற அவசரத்தில் அவருக்குத் தோன்றவில்லை, எனக்கும்தான். தட்டினேன்.

பாய் திரும்பியதும் ஸ்பீக்கரில் ஒரு மணியோசையை ஒலிக்கவிட்டு அண்ணன் சிரித்தார். பாய் உட்கார்ந்து குரலைத் தேடினார். தேடிக்கொண்டே இருந்தார். அண்ணனின் சிரிப்பு மெல்ல நின்றது.

"சவுண்டு வருது தோஸ்த்," என்றார் பாய். "நீ ஜெயிச்சிட்ட."

அதன் பிறகு அந்த அறையில் யாரும் சண்டை போடவில்லை.