எவாரிஸ்தோ பார்க்காத ஃபோக்கா

மெக்சிகோவின் புரோகிரெசோ துறைமுகத்தில் மீனவர் எவாரிஸ்தோ கனூலைக் கேலி பண்ணாத ஆளே கிடையாது. அவரும் கூடச் சேர்ந்து சிரிப்பார். அந்தச் சிரிப்பை ஊரே நம்பியது, நம்மையும் சேர்த்துத்தான்.

கடல்நாய் என்று புத்தகத்தில் போட்டிருக்கிற பிராணிக்கு இந்தக் கரையில் ஓநாய் என்று பேர். வலையைக் கிழிக்கும், மீனைத் தின்னும், அதனால் கண்ட இடத்தில் மண்டையில் போட வேண்டும் என்பது இங்கே எழுதாத சட்டம். அந்தப் பாவப்பட்ட ஜென்மத்துக்கோ ஆளைக் கண்டால் ஓடவும் தெரியாது. அதன் கொழுப்பில் எண்ணெய் காய்ச்சியவர்கள் கூட்டம் கூட்டமாகக் கொன்று தீர்த்ததுபோக, எவாரிஸ்தோ காலத்தில் ஒன்றைப் பார்ப்பதே அபூர்வமாகிவிட்டது.

நாற்பத்தெட்டாம் வருஷம் டிசம்பரில், அவர் வாடைக்காற்றுக்குப் பயந்து அலாக்ரானெஸ் பவளப்பாறைப் பக்கம் ஒரு மணல்திட்டில் ஒதுங்கியபோது, அங்கே ஒரு தாய் ஓநாயும் கன்னங்கரேலென்று ஒரு குட்டியும் கிடந்தன. கூட்டாளி திபுர்சியோ துடுப்பை ஓங்கினான்.

"விடுடா. பால் குடுக்குறவடா," என்றார் எவாரிஸ்தோ.

"ஏன், உன் பொண்டாட்டியா?"

"உனக்கு வாய்ச்சவளுக்கு இது எவ்வளவோ தேவலை. போய் வலையப் பாரு."

காற்று அடங்க ஐந்து நாள் ஆனது. தாய்க்குத் தினமும் மீன் போட்டார் எவாரிஸ்தோ. குட்டி அவர் கால்சட்டை நுனியைச் சப்பிக்கொண்டே தூங்கும். கல்யாணமாகி ஒன்பது வருஷம் பிள்ளை இல்லாத மனுஷன், காலை அசைக்காமல் உட்கார்ந்திருப்பார்.

திரும்பி வந்தபோது துறைமுகத்துச் சாராயக்கடையில் தலைநகரத்துப் படிப்பாளி ஒருவர் நோட்டும் கையுமாக உட்கார்ந்திருந்தார்.

"ஃபோக்கா யாராவது பாத்தீங்களா? ஒண்ணே ஒண்ணு இருந்தாலும் போதும். திட்டுல காவல் போட உத்தரவு வாங்கிடுவேன்."

எவாரிஸ்தோவுக்குத் தெரிந்த ஃபோக்கா, சர்க்கஸில் மூக்கின்மேல் பந்து வைத்து ஆடுகிற மிருகம் மட்டும்தான்.

"ஃபோக்காவா? சர்க்கஸ்காரன் கூடாரத்தப் பிரிச்சிட்டுப் போயிட்டானே, சார். கடல்ல அது பந்துக்கு எங்க போகும்?"

கடையே உருண்டு சிரித்தது. படிப்பாளியும் சிரித்துவிட்டு, 'இல்லை' என்று எழுதிக்கொண்டார்.

சாயங்காலம் சாப்பிடும்போது மனைவி ஹசிந்தாவிடம் பெருமையாகச் சொன்னார். அவள் ஒரு காலத்தில் மெரிதா நகரத்தில் ஒரு வாத்தியார் வீட்டில் வேலை பார்த்தவள்.

"அட மக்கு மனுஷா. உங்க ஓநாயத்தான் படிச்சவங்க ஃபோக்காம்பாங்க. வாத்தியார் வீட்டுப் படத்துல பாத்திருக்கேன். காலைல ஆறு மணி ரயிலுக்குப் போறாராமே அந்த ஆளு? அதுக்குள்ள போய்ச் சொல்லிட்டு வா."

ஐந்து மணிக்கே எழுந்து சலவைச் சட்டை போட்டார். காப்பி குடித்தார். ஸ்டேஷனுக்குத் துறைமுகம் வழியாகத்தான் போக வேண்டும். நேற்று சிரித்தவர்கள் எல்லாரும் அங்கே இருப்பார்கள். இன்னொரு காப்பி குடித்தார். ரயில் ஊதுகிற சத்தம் கேட்டது. ஹசிந்தா காலிக் கோப்பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். ஃபோக்கா என்ற வார்த்தையின் கதையை ஊரெல்லாம் சொல்லிச் சிரித்தவள், அந்த ரயிலைப் பற்றிச் சாகிறவரைக்கும் மூச்சு விடவில்லை.

நாற்பது வருஷம் கழித்து, ஊரில் அந்த ஃபோக்கா கதையைக் கேட்டுவிட்டு, இர்மா என்ற ஆராய்ச்சிக்காரப் பெண் வந்தாள். அந்த இனமே இப்போது இல்லை என்றாள். அதற்கு உறவுக்காரர்கள் இரண்டு வகை இன்னும் இருப்பதாகப் படம் காட்டினாள். ஒன்று கிரேக்கத்துக் கடற்குகையில், இன்னொன்று ஹவாயில். ஹவாய்ப் படத்தில், தூங்குகிற பிராணியைச் சுற்றிக் கயிறு கட்டி, ஜனங்கள் அந்தப் பக்கம் தள்ளி நின்றார்கள்.

"அங்க இதுக்கு என்னம்மா பேரு?"

"முரட்டுத் தண்ணியில ஓடுற நாய்னு சொல்வாங்க ஐயா."

"நாயா." அந்தப் படத்தை வெகுநேரம் கையிலேயே வைத்திருந்தார்.

"உங்க மேல தப்பில்ல ஐயா. கேட்டவர்தான் உங்க ஊர் வார்த்தையில கேட்டிருக்கணும்."

"வார்த்தை மேல பழிய போடாதீங்கம்மா. அன்னிக்குச் சாயங்காலமே எனக்குத் தெரியும். ஆறு மணி ரயிலு. சிரிப்பானுங்களேன்னு நான் போகல."

இர்மா எழுதுவதை நிறுத்தினாள்.

"மறுமாசம் திட்டுக்குப் போனேன். வேற படகுக்காரன் எவனோ எனக்கு முன்னாடி வந்துட்டுப் போயிருக்கான். தாயோட தோல மணல்ல விரிச்சு, நாலு மூலையிலும் ஆப்பு அடிச்சிருந்தான். குட்டி அதுமேல படுத்திருந்துச்சு. என்னப் பாத்ததும் எந்திரிச்சு வந்து கால்சட்டையப் புடிச்சுது. என்கிட்ட பால் ஏதும்மா? உதறிட்டுப் படகத் தள்ளினேன். கத்திக்கிட்டே தண்ணியில இறங்கிப் பின்னாலயே வந்துச்சு."

"அப்புறம்?"

"துடுப்ப வேகமாப் போட்டேன்."