மாளிகையின் உச்சியில் நின்றவர்

முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். என் எழுத்து நேராக நிற்காது. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றுபோனது. அதற்குப் பிறகு நான் பிடித்ததெல்லாம் மண்வெட்டியும் சாந்துச் சட்டியும்தான். எங்கே எந்த 'ன' வரும் என்பதில் இன்றும் எனக்குச் சந்தேகம் தீரவில்லை. பிழையிருந்தால் வாசிக்கிறவர்கள் திருத்தி வாசித்துக்கொள்ளுங்கள்.

ஆட்களோடு கதைக்க எனக்குக் கூச்சம், அதனால்தான் எழுதுகிறேன். ஸ்கந்தபுரத்தில் வாய்க்கால் ரோட்டு முடிவில் பாடகர் கட்டிய மாளிகையைப் பற்றி இப்போது கைபேசியில் எத்தனையோ வீடியோக்கள் வருகின்றன. கேற்றிலிருந்து குளியலறை வரை காட்டுகிறார்கள். அந்த வீட்டின் உச்சியில் மூன்று வருசம் நின்ற ஒருவரைப் பற்றி யாரும் சொல்வதில்லை. அது அவர்களுக்குத் தெரியவும் வராது.

அந்தக் காணி பாடகரின் தகப்பனாருடையது. குளத்துக் காணி பிரித்துக் கொடுத்த காலத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர். முதலில் மண்வீடு, பிறகு ஓட்டுவீடு. என் தகப்பனார் மலைநாட்டிலிருந்து கலவரத்தில் அடிபட்டு ஓடி வந்தவர். பாடகரின் ஐயாதான் வயல் கரையில் ஒரு துண்டு காட்டி, கொட்டில் போட்டுக்கொள்ளச் சொன்னார். நாங்கள் இன்றும் அந்தத் துண்டில்தான் இருக்கிறோம். நானும் என் தங்கச்சியும். நான் கல்யாணம் கட்டவில்லை. தங்கச்சி கட்டினாள். மாப்பிள்ளை இந்த ஊர்க்காரர், ஐயாவின் உழவு ரக்டர் ஓட்டினவர். பிள்ளைகள் இல்லை. சண்டையின் கடைசியில் சனத்தோடு சனமாக நடந்து வெளியே வந்தபோது, ஆமிக்காரர் அவரைத் தனியாகக் கூப்பிட்டு ஒரு பஸ்ஸில் ஏற்றினார்கள். விசாரித்துவிட்டு விடுவோம் என்றார்கள். பஸ் போனது. அவ்வளவுதான் எங்களுக்குத் தெரியும்.

பாடகர் அதற்கு வெகு முன்பே வெளிநாடு போய்விட்டார். கோயில் திருவிழாவில் அரைக் களிசானோடு நின்று பாடிய பொடியன், பிறகு மேடைகளில் பாடினார், படங்களிலும் பாடினார். முகம் தெரியாதவர்களுக்கும் குரல் தெரிந்தது. ஊரில் அவருடைய வீடு ஓடில்லாமல், கதவு நிலையில்லாமல், அறைக்குள் வேம்பு முளைத்து நின்றது. அதை இடித்த கூலிகளில் நானும் ஒருவன். இடித்த கல்லையெல்லாம் அவருடைய விருப்பப்படி புதிய வீட்டின் அத்திவாரத்துக்குள்ளேயே கொட்டினோம். மாளிகைக்குக் கீழே அந்தப் பழைய வீடு இருக்கிறது.

பிளான் கொழும்பில் கீறியது. ஆனால் பிளான்படி எதுவும் நடக்கவில்லை. பாடகர் ஏதோ படப்பிடிப்பில் ஒரு மாளிகையைப் பார்த்திருக்கிறார். அதன் மாடிப்படி நடு ஹோலில் ஒன்றாக எழும்பி, பாதியில் இரண்டாகப் பிரிந்து, இரண்டு பக்கமும் வளைந்து மேலே போகும். அதேபோல வேண்டும் என்றார். படி வளைந்ததால் ஹோல் அகன்றது, ஹோல் அகன்றதால் தூண் கூடியது, தூண் கூடியதால் முகப்புக்கு மேலே குடை கவிழ்த்ததுபோல ஒரு கும்பம் வந்தது. மேலே வட்டமாக வெளியே நீண்ட ஒரு பல்கனி. அங்கே நின்று பாடினால் வயல் முழுக்கக் கேட்கவேண்டுமாம். மாடியில் சுவருக்குப் பஞ்சு அடித்து, ஜன்னல் வைக்காமல், பாட்டுப் பதிகிற அறை. மழை இருட்டினாலே கரண்ட் போகிற ஊர் இது. பின்னால் நீந்துகிற தொட்டி. எங்கள் தண்ணீர் கல்லுத் தண்ணீர். காய்ந்தால் நீல மாபிளில் வெள்ளையாகப் படிந்துவிடும். அதை உரஞ்சுவதும் பிறகு என் வேலையானது.

வேலைகளைப் பார்த்துக்கொண்டவர் பாடகரின் அக்கா. கிளிநொச்சி ரவுனில் இருந்து ஓட்டோவில் வருவா. ஒரு நாள் ஹோல் நடுவில் நின்று சுற்றிப் பார்த்துவிட்டு,

"எல்லாம் கண்ணாடியும் வளைவுமாக் கிடக்கு. அம்மா அப்பாவின்ரை படத்தை நான் எங்கை கொழுவுறது?" என்று கட்டுவேலை மேசனைக் கேட்டா.

"கும்பத்துக்கு மேலை கொழுவுவம் அக்கா. ஊர் முழுக்கக் கும்பிடும்," என்றான் மேசன்.

"உம்மடை வாய்க்குத்தான் முதல் பூசவேணும் சீமெந்து," என்றா அவா.

மேல்தட்டுக்குக் கொங்கிறீட் போட்ட கையோடு வெருளி கட்டவேண்டும் என்றான் மேசன். கட்டுகிற வீட்டுக்குக் கண்ணூறு படாமல் உச்சியில் நிறுத்துகிற வைக்கோல் ஆள்தான் வெருளி. பார்க்கிறவன் கண் முதலில் அதில் விழவேண்டும். சின்ன வீடென்றால் கந்தல் போதும். இந்த வீட்டுக்குக் கந்தல் கட்டினால் கண் வீட்டிலேதான் விழும், முழு உடுப்பாக வேண்டும் என்றான். எங்கள் ஒருவரிடமும் கிழியாத உடுப்பு இல்லை. அதை ஒரு பகிடியாகத்தான் அன்று சாப்பிடும்போது தங்கச்சியிடம் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை.

அந்தக் கிழமைதான் அவளை மறுபடி, காணாமல் போனவர்களைப் பற்றிய ஒரு விசாரணைக்குக் கூப்பிட்டிருந்தார்கள். பஸ் ஏறிப் போய், பழைய கேள்விகளுக்குப் பழைய பதில்களையே சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

காலையில் என் சைக்கிள் கைபிடியில் ஒரு பை தொங்கியது. உள்ளே நீலக் கோடு போட்ட சேட்டு, சாம்பல் நிறக் களிசான். அந்தக் கடைசி நடையில் அவள் சுமந்து வந்த பைக்குள் இருந்த அவருடைய மாற்று உடுப்பு. இத்தனை வருசம் பெட்டிக்குள் வைத்திருந்தாள்.

"என்ன தங்கச்சி இது?"

"பெட்டிக்குள்ளை பூச்சி அரிக்குது. கொண்டு போங்கோ அண்ணே."

திருப்பிக் கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாளோ தெரியாது. பையோடு சைக்கிள் ஏறிப் போனேன்.

வைக்கோல் திணித்தார்கள். பானையில் கண், மூக்கு, மீசை கீறித் தலையாக வைத்தார்கள். மேசன் ஒரு தேங்காய்ச் சிரட்டையைத் தடியில் குத்திக் கையில் கட்டினான்.

"பாட்டுக்காரன்ரை வீட்டு வெருளி பாடத்தானே வேணும்? இந்தா, மைக்கு!" என்றான். பிறகு என்னைப் பார்த்து, "அண்ணை, உங்களைவிட இவன் கூடக் கதைப்பான் போல கிடக்கு," என்றான்.

எல்லோரும் சிரித்தார்கள். யாருடைய உடுப்பு என்று அவனுக்குத் தெரியாது. நானும் சொல்லவில்லை. தூக்கிக்கொண்டு போய் முகப்பு மூலையில், கம்பத்தோடு சேர்த்துக் கட்டியது நான்தான்.

அடுத்த நாள் தங்கச்சி எனக்குச் சோறு கொண்டு வந்தாள். ஒருநாளும் வராதவள். கேற்றடியில் நின்று, பார்சலை என் கையில் தந்துவிட்டு மேலே பார்த்தாள். காற்றுக்குச் சேட்டுக் கை எழும்பி விழுந்தது. அவள் திரும்பிப் போய்விட்டாள். அதற்கடுத்த நாளும் வந்தாள். பிறகு நாள் தவறாமல் வந்தாள். ஒருநாள் மட்டும் சொன்னாள்:

"சரிச்சுக் கட்டியிருக்கிறீங்கள் அண்ணே. அவர் இப்பிடிச் சரிஞ்சு நிக்கமாட்டார்."

மற்றவர்கள் சாப்பிடப் போன நேரம் ஏறி நிமிர்த்திக் கட்டினேன்.

அந்த வருசம் நாட்டில் சீமெந்து இல்லாமல் போனது. கம்பியும் இல்லை, எண்ணெயும் இல்லை. வேலை நின்றது. மேசன்மார் போய்விட்டார்கள். காவலுக்கு என்னை மட்டும் இருக்கச் சொன்னா பாடகரின் அக்கா. பூச்சில்லாத தூண்களும், கைபிடியில்லாமல் அந்தரத்தில் பிரிந்து போகிற படிகளும், தண்ணீரில்லாத நீச்சல் தொட்டியும். கும்பத்துக்குள் வௌவால் வந்தது. தங்கச்சி பின்னேரங்களில் வந்து முற்றம் கூட்டுவாள். கூட்டச் சொல்லி யாரும் சொல்லவில்லை. வெருளியின் வைக்கோலைக் குருவிகள் உருவிக்கொண்டு போயின. அறுவடை முடிந்ததும் புது வைக்கோல் கொண்டு வந்து தந்தாள். இறக்கித் தந்தேன். திணித்து, கிழிந்த கையைத் தைத்துத் திருப்பித் தந்தாள்.

"வேறை சேட்டு ஒண்டு மாத்திவிடவா? இதைக் கொண்டு போய்ப் பெட்டிக்குள்ளை வை," என்றேன்.

"வேண்டாம் அண்ணே. பெட்டிக்குள்ளை கிடந்தா சேட்டு. அங்கை நிண்டா ஆள்."

பிறகு சீமெந்து வந்தது, மேசன்மாரும் திரும்பி வந்தார்கள். மாபிள் பதித்தார்கள், வெள்ளையும் பொன்னிறமும் அடித்தார்கள், ஹோலில் கண்ணாடிக் குலை குலையாக விளக்குத் தொங்கியது. வைகாசியில் புதுமனைக் குடிபூரல், பாடகரே வருகிறார் என்றார்கள். வேன் பிடித்து வந்து படம் எடுக்கிற சனம் கூடியது. வெருளியோடும் நின்று எடுத்தார்கள். சேட்டு வெளிறி, கோடு எங்கே என்று தேடவேண்டியிருந்தது.

குடிபூரலுக்கு முதல் நாள் பொழுதுபட வெருளியை இறக்கி, முச்சந்தியில் வைத்து எரிப்பது வழக்கம். வாங்கிய கண்ணூறெல்லாம் அதோடு போகவேண்டும். அதில் ஒரு நூல்கூட யார் வீட்டுக்குள்ளும் போகக்கூடாது. இதைத் தங்கச்சிக்கு நான் சொல்லத் தேவையில்லை. அவளுக்குத் தெரியும். தெரிந்துதான் கொடுத்தாள். ஆனால் நாள் கிட்டக் கிட்ட அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

"அந்தச் சேட்டை மட்டும் கேட்டுப் பாருங்கோ அண்ணே," என்றாள்.

மூன்று நாள் பாடகரின் அக்காவுக்கு முன்னால் போய் நின்றேன். மூன்று நாளும் தண்ணீர்க் குழாயைப் பற்றி ஏதோ கேட்டுவிட்டுத் திரும்பினேன். கடைசியில் தங்கச்சியே வந்தாள். அவா ஹோலில் நின்று திரைச்சீலை கொழுவுவித்துக்கொண்டிருந்தா. நான் வாசலில் நின்றேன்.

"அம்மா, ஒண்டு கேக்கோணும்."

"சொல்லும் பிள்ளை."

"நாளைக்கு வெருளியை எரிக்கேக்கை, அந்தச் சேட்டை எனக்குத் தருவீங்களோ?"

அவா சிரித்துவிட்டா. "அந்தக் கந்தலையோ? உமக்கென்ன விசரே? நாளையிண்டைக்கு வாரும், நல்ல சீலையா எடுத்துத் தாறன்."

"அது என்ரை மனுசன்ரை சேட்டு அம்மா."

அவாவின் கை திரைச்சீலையில் அப்படியே நின்றது. "ஆர்? எங்கடை ரக்டர் ஓட்டினவரோ?"

"ஓம்."

"அப்பாவுக்கு நெஞ்சு நோவு வந்த அண்டைக்கு, செல்லடிக்குள்ளாலை ரக்டர் பெட்டியிலை ஏத்திக்கொண்டு போனவர் எல்லோ?"

தங்கச்சி தலையை ஆட்டினாள். பொலித்தீன் கழற்றாத புதுக் கதிரையில் அவா உட்கார்ந்தா.

"பிள்ளை, நான் தரமாட்டன் எண்டு சொல்லேல்லை. ஆனா அது ஊர்க்கண் முழுக்க வாங்கின உடுப்பு. வீட்டுக்குள்ளை கொண்டு போனா உமக்குத்தான் கூடாது."

"எங்கடை வீட்டிலை கண்ணூறு பட என்னம்மா இருக்கு?"

அவள் குத்திக் கேட்கவில்லை, உண்மையாகத்தான் கேட்டாள். அந்த அம்மா ஒருமுறை படியையும் விளக்கையும் பார்த்தா. பிறகு வாசல் பக்கம் திரும்பி என்னிடம், "சேட்டைக் கழட்டிக் குடுத்துப்போட்டு மிச்சத்தை எரியுங்கோ. தம்பிக்குத் தெரியவேண்டாம்," என்றா.

அடுத்த நாள் பொழுதுபட, மேசன் பூசணிக்காயோடு வீட்டைச் சுற்றி வந்தான். நான் வெருளியைத் தோளில் போட்டுக்கொண்டு முச்சந்திக்கு நடந்தேன். பாரமே இல்லை. தங்கச்சி எங்களுக்கு முதலே அங்கே வந்து நின்றாள். கட்டவிழ்த்து, சேட்டைக் கழற்றி அவளிடம் கொடுத்தேன்.

முகத்தோடு சேர்த்துப் பிடித்தாள். வைக்கோலும் மழையும் பெயின்ற்றும்தான் மணத்திருக்கும். பொக்கற்றை மெல்லப் பிரித்துப் பார்த்தாள். அதன் மடிப்புக்குள் மட்டும் நீலம் அப்படியே இருந்தது. கீழே, மேலுடுப்பில்லாமல் வைக்கோல் தெரியக் கிடந்ததை நெடுநேரம் பார்த்தாள். பிறகு குந்தியிருந்து, சேட்டைத் திரும்ப அதற்குப் போட்டுவிட்டாள். ஒவ்வொரு பொத்தானாகப் பூட்டினாள். ஒரு பொத்தான் இல்லை. தன் தாலிக்கொடியில் கொழுவியிருந்த ஊசியை எடுத்து அந்த இடத்தில் குத்தினாள்.

"உடுப்பில்லாமல் எப்பிடி அனுப்புறது அண்ணே?" என்றாள்.

மேசனுக்கு அப்போதுதான் விளங்கியிருக்கவேண்டும். கிட்ட வந்து, கையில் கட்டியிருந்த சிரட்டை மைக்கை அறுத்து வாய்க்காலுக்குள் எறிந்தான். "எனக்குத் தெரியாதக்கா," என்றான். மண்ணெண்ணெய் ஊற்றினான். எப்போதும் தானே கொளுத்துகிறவன், அன்று நெருப்புப் பெட்டியை என்னிடம் தந்தான்.

"திரும்பிப் பாக்காமல் போங்கோ," என்றான். தங்கச்சி திரும்பிப் பார்க்கவில்லை. நான் பார்த்தேன்.

வெருளியைத் தொட்டவர்கள் குடிபூரலுக்குப் போகக்கூடாது. வீட்டில் இருந்தோம். பாடகர் பல்கனியில் நின்று பாடியது வயல் தாண்டிக் கேட்டது. நன்றாகத்தான் பாடினார். மத்தியானம் அந்த அம்மா சாப்பாடு கட்டி அனுப்பியிருந்தா. தங்கச்சி அதில் ஒரு பிடி எடுத்து, வாழையிலைத் துண்டில் வைத்து, வேலியடியில் காகத்தைக் கூப்பிட்டாள்.

பாடகர் ஒரு கிழமை நின்றுவிட்டுப் போனார். மாளிகை பூட்டிக் கிடக்கிறது. நான் பூக்கன்றுகளுக்குத் தண்ணீர் விடுகிறேன். முகப்பில் அவர் மூன்று வருசம் நின்ற மூலையில் இப்போது ஒரு கமெரா பூட்டியிருக்கிறார்கள்.

வெருளியை எரித்த அன்றிலிருந்து எங்கள் வீட்டில் மீன், இறைச்சி சமைக்கவில்லை. கையில் காசில்லை என்றாள், சந்தையில் நல்ல மீன் இல்லை என்றாள். நானும் கேட்கவில்லை. இன்று காலை அவளே மீன் வாங்கி வந்து, குசினியில் இருந்து வெட்டினாள். அதைப் பார்த்த பிறகுதான் நாளை எண்ணினேன். செத்த வீட்டுக்கு எங்கள் சனம் மீன், இறைச்சி தொடாமல் பதினாறு நாள் காக்கும். மாப்பிள்ளையின் ஆட்கள் காப்பது முப்பத்தொன்று. அவள் அவர்களின் முறைப்படி காத்திருக்கிறாள். என்னிடம்கூடச் சொல்லவில்லை. குழம்பு நல்ல உறைப்பு. இரண்டு பேரும் சாப்பிட்டோம்.

சாப்பிட்டுக் கை கழுவிவிட்டு வந்து எழுதியது.

2025, ஆனி 29, ஞாயிற்றுக்கிழமை.