சனிக்கிழமை வந்த கர்டர்

எனக்குக் கோர்வையாக எழுத வராது. நாலாம் கிளாசோடு பள்ளிக்கூடம் நின்றுவிட்டது. அதற்குப் பிறகு பிறந்த வீட்டுக்குப் போட்ட கடுதாசிகளைத் தவிர வேறு எதுவும் எழுதினதில்லை. ஞாபகமும் அடுப்பில் வைத்த பாலைப் போல ஆகிவிட்டது. பார்த்துக்கொண்டிருக்கும் வரை இருக்கிறது, முகத்தைத் திருப்பினால் இல்லை. தப்பும் தவறுமாக இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

நம் நாட்டில் இரும்பு ஆலைகள் பெருகிக்கொண்டே போகின்றன, புதுப்புது உலைகள் வைக்கிறார்கள் என்று போன வாரம் பேப்பரில் வாசித்தேன். மலைமலையாகக் காய்ச்சி ஊற்றுகிறார்களாம். எனக்கு அந்த மலையெல்லாம் மனசில் வரவில்லை. ஸ்ரீவராகத்தில் எங்கள் அடுக்களைக்கு மேலே உத்தரமாகக் கிடந்த இரண்டு இரும்பு கர்டர்கள்தான் வந்தன. அதைத்தான் எழுதப் போகிறேன்.

அப்போது எனக்கு இருபது வயது இருக்கும். ரயில் எங்கள் ஊருக்குள் தம்பானூர் ஸ்டேஷன் வரைக்கும் வந்து நாலைந்து வருஷம் ஆகியிருந்தது. எங்கள் வீட்டில் மாமனார், மாமியார், அவர், நான் என்று நாலே பேர். அவர் என்றால் என் கணவர். மராமத்து ஆபீஸில் கிளார்க்காக இருந்தார். அடுக்களையின் மர உத்தரத்தைச் சிதல், அதாவது கறையான், அரித்துக்கொண்டு வந்தது. மரத்தூள் கொட்டுகிறது என்று மாமியார் சொல்லிக்கொண்டேயிருந்தார், ஒருவரும் காதில் வாங்கவில்லை. ஒரு நாள் ரசத்தில் மிதப்பது மிளகு இல்லை என்று மாமனாரே கண்டுபிடித்தார். மறுநாள் மேஸ்திரி வந்துவிட்டார்.

மேட மாசத்தில், அது மலையாளத்துச் சித்திரை, கூரையைப் பிரித்தார்கள். கொல்லையில் ஓலைப் பந்தல் போட்டு எனக்கு அடுப்பு வைத்துக் கொடுத்தார்கள். வெயில் காலத்துக்கு அது போதும். ஆனால் வைகாசி பாதியில் வரும் இடவப்பாதி மழை தொடங்கிவிட்டால் ஓலைப் பந்தல் என்ன செய்யும்? காலையில் அடுப்பைப் பார்ப்பதற்கு முன்னால் வானத்தைப் பார்ப்பேன். மழைக்கு முன்னால் தலைக்கு மேலே ஒரு கூரை வேண்டும். எனக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

அப்பாவும் பிள்ளையும் ஒத்துப்போனால்தானே கூரை வரும்? மாமனாருக்கு ஆஞ்சிலி மர உத்தரம்தான் வேண்டும். என் கணவர் வேண்டும் என்றது இரும்பு கர்டர். அதுவும் கப்பலில் வருவது இல்லை, நம் நாட்டிலேயே வடக்கே எங்கேயோ காய்ச்சி வார்த்து ரயிலில் வருவது.

மாமனார் கொட்டாரத்தில், அதாவது அரண்மனையில், உக்கிராணக் கணக்கு எழுதி ரிட்டையர் ஆனவர். பூட்டு, தராசு, கத்தரிக்கோல் என்று அவர் கையில் வாங்கி வைத்த இரும்பெல்லாம் கப்பலில் வந்தவை.

"நம்ம நாட்டுல ஒரு குண்டூசி பண்ணத் தெரியுமாடா? கர்டர் பண்றாளாம் கர்டர்!"

"குண்டூசி தெரியாது அப்பா. தண்டவாளம் பண்றா. போன வருஷம் மெட்ராஸ் போனேளே, வண்டி எது மேல ஓடித்துன்னு நினைச்சேள்?"

"ஓ, அதாக்கும் வழி பூரா என்னைத் தூக்கித் தூக்கிப் போட்டுது!"

இந்த வழக்கு ஒரு மாசம் நடந்தது. கடைசியில் மேஸ்திரிதான், பச்சை ஆஞ்சிலியை அறுத்தால் காய்வதற்கு ஆறு மாசம் ஆகும், காய்ந்த மரம் இப்போது கிடைக்காது என்றார். மாமனார் பாதி மனசோடு, "செரி, கொண்டு வா. பார்க்கறேன்" என்றார்.

சாலை பஜாரில் இரும்புக் கடைக்காரர்கள் வெள்ளிக்கிழமை அனுப்புகிறோம் என்றார்கள். வண்டி வந்தது சனிக்கிழமை. கர்டர் பதினாறு அடி. மாட்டு வண்டியோ அதில் பாதி. பின்னால் நீண்ட வால் தெரு மணலில் இழுபட்டு, வாசலுக்கு வாசல் கோலத்தை இரண்டாக அறுத்துக்கொண்டு வந்தது. மாமிகள் எல்லாரும் வண்டிக்காரனைத் திட்டிக்கொண்டே பின்னால் வந்தார்கள்.

மாமனார் பஞ்சாங்கத்தோடு வாசலில் நின்றார்.

"எறக்காதே! சனியாழ்ச்ச இரும்பு எங்காத்துப் படி ஏறாது."

இரும்பு சனி பகவானுடையது, சனிக்கிழமையில் அதை வீட்டுக்குள் கொண்டுவரக் கூடாது என்பது எங்களுக்கெல்லாம் வழக்கம். என் கணவரும் கோபத்தில் அதை மறந்துபோகிறவர் இல்லை. வண்டிக்காரனைப் பார்த்தார்.

வண்டிக்காரன் தலையைச் சொறிந்தான். "பின்னெ எந்து செய்யும் சாமீ? திரிச்சு சாலைக்குப் போகான் காளைக்கு வய்யா." சாலைக்குத் திரும்பிப் போகக் காளைக்குத் தெம்பில்லை என்றான்.

"தெருவிலே போடு. தெரு சர்க்காரோடது. சனி பிடிச்சா சர்க்காரைப் பிடிக்கட்டும்."

அப்படித்தான் இரண்டு கர்டரும் எங்கள் வாசலுக்கு எதிரே தெருவில் படுத்துக்கொண்டன. அன்று சாயங்காலம் குளத்துக்குப் போகிறவர்கள், கோயிலுக்குப் போகிறவர்கள் ஒருவர் பாக்கியில்லாமல் நின்று பார்த்தார்கள். ஒருவர் கைத்தடியால் தட்டிக் காதை வைத்துக் கேட்டார். ஒருவர் முகர்ந்து பார்த்தார். பக்கத்து வீட்டு மாமி அதன் மேல் உட்கார்ந்து பார்த்து, "சில்லுன்னு இருக்குடி" என்று ஜன்னல் வழியாக எனக்குச் சொன்னாள். அந்த மாமி நல்ல ஆகிருதி. அப்போதே கர்டருக்குப் பாதிப் பரீட்சை ஆகிவிட்டது என்று அவர் என் காதில் சொன்னார்.

ஆனால் கைத்தடிக்காரர் போகிற போக்கில் ஒன்று சொல்லிவிட்டார். "கப்பல் சரக்கில்லையாமே ஓய்? பார்த்துச் செய்யும். மாட்டுப்பொண்ணு எப்பவும் நிக்கற இடமாக்கும்."

மாமனார் அன்று சரியாகச் சாப்பிடவில்லை. மாமியாரிடம், "நாளைக்கு அது இவ தலையில விழுந்துதுன்னா இவ அப்பாவுக்கு நான் என்ன பதில் சொல்லுவேன்?" என்றது எனக்குக் கேட்டது. அதுவரை மாமனாருக்கு என்னைப் பற்றி ஒரு நினைப்பு உண்டென்று எனக்குத் தெரியாது. மாமனார் எதிரில் நான் நின்று பேசினதே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் உத்தரவு வந்தது. "பரீட்சை பண்ணிப் பார்த்துட்டுத்தான் உள்ளே."

மேஸ்திரி தெருவில் இரண்டு பக்கமும் கருங்கல் அடுக்கி, கர்டர் இரண்டையும் பக்கம் பக்கமாக மேலே வைத்தார். பிரித்துப் போட்டிருந்த பழைய அடுக்களைக் கதவை நடுவில் அதன்மேல் படுக்கப் போட்டார். கதவின் மேல் பத்து ஆள் ஏறி நிற்க வேண்டும் என்றார் மாமனார். தெருவே கூடி நின்றது. ஒருவரும் ஏறவில்லை.

"ஏறுங்கோளேன்!"

"நீர் முதல்ல ஏறும் ஓய். உம்ம கர்டர்தானே."

"எனக்கு மூட்டு வலி."

"எங்களுக்கும் இப்பதான் வந்துது."

நான் வாசல் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தேன். மேற்கே சங்குமுகம் கடற்கரைப் பக்கம் வானம் கறுத்துக்கொண்டு வந்தது. எனக்கு எப்படித்தான் தைரியம் வந்ததோ, மாமியாரின் புடவைத் தலைப்பை இழுத்து, "ஆட்டுக்கல்" என்றேன். அன்றைக்கு முழுவதும் நான் பேசினது அந்த ஒரு வார்த்தைதான்.

மாமியார் உடனே வெளியே போய், "ஏன்னா, மனுஷா எதுக்கு? தெருவில இருக்கற ஆட்டுக்கல்லையெல்லாம் ஏத்தச் சொல்லுங்கோ" என்றார். தானே யோசித்தது போலத்தான் சொன்னார். சொல்லிவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்து ஒரு சிரிப்பு சிரித்தார்.

ஏற மாட்டேன் என்ற ஆண்பிள்ளைகள் எல்லாரும் கல் தூக்க ஓடினார்கள். மேஸ்திரியின் ஆட்களும் போனார்கள். வீட்டுக்கு வீடு கல் வந்தது. ஒன்பதா பதினொன்றா, சரியாக ஞாபகம் இல்லை. பக்கத்து வீட்டு மாமி தன் கல்லைக் கொடுக்கும்போது என் கணவரைப் பார்த்து, "என் கல்லுக்கு ஏதானும் ஆச்சோ, ஒரு மாசம் நீதாண்டா எங்காத்துக்கு மாவரைச்சுத் தரணும்" என்றாள்.

வளைகிறதா என்று பார்க்க மாமனார் ஒரு வழி வைத்திருந்தார். கர்டருக்கு அடியில் நடுவில் கருங்கல் அடுக்கி, இடையில் துளி இடம் விட்டு, அதில் கையிலிருந்த பஞ்சாங்கத்தைச் செருகினார். தாராளமாகப் போய் வந்தது. கர்டர் தாழ்ந்தால் பஞ்சாங்கம் பிடிபடும்.

ஒரு கல் ஏற்றினார்கள். இழுத்தார், வந்தது. மூன்று கல், வந்தது. ஐந்தாவது கல்லுக்குக் கொஞ்சம் உரசியது. "இன்னும் ஒண்ணு, இன்னும் ஒண்ணு" என்று சொல்லிக்கொண்டே போனார். பக்கத்து வீட்டு மாமியின் கல்லைக் கடைசியில் வைத்தார்கள். இழுத்தார். வரவில்லை. இரண்டு கையாலும் இழுத்தார். வரவே இல்லை.

"ஆச்சு! வளைஞ்சுடுத்து!"

தெருவே குனிந்து பஞ்சாங்கத்தைப் பார்த்தது. என் கணவர் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. எனக்கு அந்த ஓலைப் பந்தலும், ஈர விறகும், ஆறு மாசப் புகையும் கண்ணுக்கு முன்னால் வந்தன.

"இன்னிக்கே ஆஞ்சிலிக்குச் சொல்லி அனுப்பறேன். நல்ல நேரம் எப்போன்னு பார்த்து..." என்று மாமனார் பஞ்சாங்கத்துக்குக் கையை நீட்டினார். அது கர்டருக்கு அடியில் இருந்தது. பஞ்சாங்கம் பாராமல் என் மாமனார் க்ஷவரம்கூடப் பண்ணிக்கொள்ள மாட்டார்.

அவர் மெதுவாகச் சொன்னார். "கல்லை எறக்கினா வரும் அப்பா."

"வளைஞ்சது எப்படிடா வரும்? நம்மாத்து உத்தரம் இருபது வருஷமா வளைஞ்சே கிடந்துது, ஒரு நாளானும் நிமிர்ந்துதோ?"

"மரம் நிமிராது. இது நிமிரும். எறக்கச் சொல்லுங்கோ."

கல் ஒவ்வொன்றாக இறங்கியது. மாமனார் குந்தி உட்கார்ந்து பஞ்சாங்கத்தின் நுனியைப் பிடித்தபடியே இருந்தார். பாதிக் கல் இறங்கும் வரை அது அசையவில்லை. பிறகு நுனி ஆடியது. இன்னும் இரண்டு கல் இறங்கியதும் இழுத்த இழுப்புக்கு விசையோடு கையில் வந்துவிட, மாமனார் மணலில் பின்பக்கமாக உட்கார்ந்துவிட்டார்.

ஒருவரும் சிரிக்கவில்லை. சிரிக்க பயம். மாமனார் எழுந்து வேட்டியைத் தட்டிக்கொண்டு, காலி கர்டருக்கு அடியில் பஞ்சாங்கத்தை மறுபடி செருகினார். முன்னைப் போலவே தாராளமாகப் போய் வந்தது. குனிந்து கர்டரின் வயிற்றைக் கையால் தடவிப் பார்த்தார்.

"ம். இன்னொரு தடவை ஏத்துங்கோ. ஒரு தடவைன்னா தற்செயலா இருக்கும்."

கைத்தடிக்காரரின் பிள்ளை இடுப்பில் கையை வைத்துக்கொண்டு சொன்னான்: "மாமா, கர்டர் நிமிரும். எங்க இடுப்பு நிமிராது."

அப்போதுதான் தெருவே சிரித்தது. மாமனாரும் சிரித்துவிட்டார். கசங்கின பஞ்சாங்கத்தை அங்கேயே பிரித்துப் பார்த்து, "நாளைக்கு ராகுகாலம் கழிஞ்சு ஒம்பது மணிக்கு மேலே உள்ளே கொண்டு போங்கோ" என்றார்.

திங்கட்கிழமை கர்டர் ஏறியது. வியாழக்கிழமை மத்தியானம் ஓடு வேய்ந்து முடித்தார்கள். வெள்ளிக்கிழமை விடியும்போதே இடவப்பாதி வந்துவிட்டது. ஓட்டின் மேல் மழை கொட்டுகிறது, கீழே நான் காய்ந்த விறகில் தோசை வார்க்கிறேன். அந்தச் சந்தோஷத்தை எழுத எனக்கு வார்த்தை தெரியவில்லை. அவர் அன்று எத்தனை தோசை சாப்பிட்டார் என்பது மட்டும் தெரியும், அதைச் சொன்னாலே அவர் கோபித்துக்கொள்வது வழக்கம்.

ஒரு தொந்தரவு ஆயிற்று. கல்லைத் திருப்பிக் கொடுத்த அவசரத்தில் குழவிகள் மாறிவிட்டன. ஒரு வீட்டுக் குழவி இன்னொரு வீட்டுக் கல்லுக்குள் சரியாக உட்காராது. ஒரு மாசம் தெருவில் ஒரு வீட்டிலும் இட்லி மெத்தென்று வரவில்லை. மாமிகள் குழவியை இடுப்பில் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வீடு போய்ப் போட்டுப் பார்த்தார்கள்.

அதற்குப் பிறகு மாமனார்தான் நம் நாட்டு இரும்புக்கு ஸ்ரீவராகத்தில் ஏஜென்ட் மாதிரி. யார் வீட்டில் கூரை பிரித்தாலும் போய் நிற்பார். "வாங்கும் ஓய். வளையும், ஆனா நிமிரும். கப்பல்ல வந்ததுக்கு அந்தக் குணம் உண்டோ, எனக்குத் தெரியாது" என்பார். அதற்கும் உண்டு என்று என் கணவர் சொன்னால் காது கேட்காதது போல இருந்துவிடுவார். புது கர்டர் எது வந்தாலும் ஆட்டுக்கல் ஏற்ற வேண்டும் என்பார். தெரு முனையில் வண்டி தெரிந்தால் மாமிகள் கொல்லைக் கதவைத் தாழ் போட்டுக்கொள்வார்கள்.

பிறகு யுத்தம் வந்தது. இரும்பெல்லாம் பட்டாளத்துக்கு என்றார்கள். சாலை பஜாரில் ஒரு ஆணி வாங்கப் படாத பாடு. யாராவது அலுத்துக்கொண்டால் மாமனார், "நம்ம உலை ராவும் பகலும் எரியறதாக்கும்! அவாளும் என்ன செய்வா?" என்பார். அந்த உலைக்குத் தானே கரி தள்ளிவிட்டு வந்தவர் போல இருக்கும். அப்போதெல்லாம் எங்கள் வீட்டுக்கு வருகிறவர்கள் அடுக்களையை எட்டிப் பார்க்காமல் போகமாட்டார்கள்.

கர்டர் ஒன்றின் பக்கவாட்டில் இங்கிலீஷில் எழுத்து பொறித்திருந்தது. அது நம் நாட்டு ஆலையின் பெயர் என்று என் கணவர் சொன்னார். எழுத்து அடுப்புப் பக்கமாகத் தெரிய வேண்டும் என்று மாமனார் நின்று வைக்கச் சொன்னார். மாமனாருக்கும் எனக்கும் இங்கிலீஷ் தெரியாது. தினமும் அண்ணாந்து பார்த்ததில் கோலம் போல மனசில் பதிந்துவிட்டது, அவ்வளவுதான். பல வருஷம் கழித்து ஒரு நாள் என் கணவரிடம், வாசித்துக் காட்டுங்களேன் என்று கேட்டேன். அவர் அண்ணாந்து பார்த்துச் சிரித்துக்கொண்டே, "எந்த நாட்டுதா இருந்தா என்ன, தாங்கறதோன்னோ?" என்று போய்விட்டார். அன்றிலிருந்து எனக்கு ஒரு சந்தேகம்.

இப்போது மாமனாரும் இல்லை, அவரும் இல்லை. வீடும் கைமாறிவிட்டது. அடுக்களை அப்படியே இருப்பதாகச் சொல்கிறார்கள். அந்தப் பக்கம் போகிறவர்கள் யாராவது, இங்கிலீஷ் தெரிந்தவர்களாக இருந்தால், அந்த வீட்டாரிடம் கேட்டுக்கொண்டு ஒரு ஏணி போட்டு ஏறி, கரியைத் துடைத்துவிட்டு அந்த எழுத்தை வாசித்துப் பார்க்க வேண்டும். கல் ஒன்பதா பதினொன்றா என்பதையும் அந்தத் தெருவில் பழைய மனுஷர்கள் இருந்தால் விசாரிக்க வேண்டும். நம் நாட்டுது என்று இருந்தால் நான் எழுதினதெல்லாம் சரி. கப்பலில் வந்தது என்று இருந்தால் எனக்கு மட்டும் ஒரு கார்டு போட்டால் போதும். தெருவில் ஒருவரிடமும் சொல்ல வேண்டாம்.